வேலை போன டீச்சர்களே, 'அப்பீல் போட்டுத் தருகிறோம்' என்பவர்களிடம் ஜாக்கிரதை. எனக்குப் போனது 38,000

கோபம் ஆறுவதற்குள் எழுதிவிடுகிறேன். கோர்வையாக இல்லாவிட்டால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

பதினோரு வருடம் கணக்கு எடுத்த தனியார் பள்ளி. மதிப்பெண் பட்டியலைத் திருத்தினேன் என்று ஒரு மெமோ, பெயருக்கு ஒரு விசாரணை, அப்புறம் பதிவுத் தபாலில் பணிநீக்க ஆணை. விசாரணை அறிக்கையைக் கண்ணில்கூடக் காட்டவில்லை. அந்தக் கதை இன்னொரு நாள்.

தெரிந்தவர் சொல்லி, 'சர்வீஸ் மேட்டர்', அதாவது வேலை சம்பந்தமான வழக்குகள் பார்க்கும் ஓர் ஆலோசனை மையத்துக்குப் போனேன். அலமாரி நிறைய ஃபைல், சுவரில் கறுப்பு கோட்டு. கோட்டு யாருடையது என்று நான் கேட்கவில்லை. அந்த மனிதர் என் ஆணையை நிதானமாக இரண்டு முறை படித்தார். நான் அழுததும் தண்ணீர் டம்ளரை என் பக்கம் நகர்த்தி, "என் பொண்ணுக்கும் உங்கள மாதிரி ஒரு டீச்சர்தான் கணக்கு சொல்லிக் கொடுத்தாங்க. மூணு மாசத்துல மறுபடியும் க்ளாஸ்ல இருப்பீங்கம்மா" என்றார். விழுந்தது அங்கேதான். அசல் ஆணையையும் அது வந்த கவரையும் அப்படியே கொடுத்துவிட்டேன். வளையலை அடகு வைத்து முதலில் 20,000, அடுத்த வாரம் 18,000. ரசீது தந்தது 5,000-க்கு மட்டும்.

பிறகு ஆரம்பித்தது ஓட்டம். "ஃபைல் மூவ் ஆகிட்டிருக்கு மேடம்." "அதிகாரி லீவு." 'அம்மா' எப்போது 'மேடம்' ஆனது என்றே தெரியவில்லை. ஒரு நாள் நேரில் போனால், "சார் கோர்ட்டுக்குப் போயிருக்காரு" என்கிறாள் வரவேற்பில் இருக்கும் பெண். உள்ளே அவர் காபி கேட்கும் குரல் எனக்கே கேட்கிறது.

ஐந்தாவது மாதம் சண்டை போட்டு மனுவின் நகலை வாங்கினேன். மூன்றாவது பத்தியில் 'மனுதாரர் பேருந்தை நிறுத்திவிட்டு இறங்கியபோது' என்று இருக்கிறது. யாரோ ஓட்டுநருக்கு அடித்த மனுவில் என் பெயரை மாற்றிப் போட்டிருக்கிறார்கள். 38,000-க்கு!

அதுவும் போட்ட இடம் தொழிலாளர் அலுவலகம். தொழில் தகராறு சட்டப்படி ஆசிரியர் 'தொழிலாளி' ஆக மாட்டார் என்று உச்ச நீதிமன்றம் 1988-லேயே சொல்லியாயிற்றாம். தனியார் பள்ளி ஆசிரியர் மேல்முறையீடு செய்ய வேண்டியது கல்வித் துறையில். தமிழ்நாட்டில் 1973-ல் வந்த சட்டத்திலேயே, முன் அனுமதி வாங்காமல் நீக்கக்கூடாது, நீக்கினால் மேல்முறையீடு உண்டு என்று இருந்திருக்கிறது. தண்டனைக்கு முன்னால் விசாரணை அறிக்கையின் நகலைத் தர வேண்டும், தனியார் நிறுவனமானாலும் சரி என்று 1993-ல் ஐந்து நீதிபதிகள் தீர்ப்பு சொன்னார்களாம். என் கையில் இருந்த பெரிய பாயிண்டே அதுதான். மனுவில் அதைப் பற்றி ஒரு வரி இல்லை.

இதையெல்லாம் பத்து நிமிடத்தில் சொன்னவர் நீதிமன்ற வளாகத்தில் இருக்கும் மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவின் வக்கீலம்மா. கட்டணம் இல்லை. 1987 சட்டப்படி பெண்களுக்கு வருமான வரம்பு பார்க்காமல் இலவச சட்ட உதவி உண்டு. நான் 38,000 கொடுத்து ஓட்டுநர் கதையை வாங்கியிருக்கிறேன்.

விவரமாக ஆலோசனை எழுதலாம் என்றுதான் உட்கார்ந்தேன், முடியவில்லை. அசல் எதையும் கொடுக்காதீர்கள். எந்த அதிகாரிக்கு, எந்தச் சட்டப்படி மனு என்று எழுதி வாங்குங்கள். அனுப்புவதற்கு முன் முழுவதும் படியுங்கள். கொடுத்த காசு மொத்தத்துக்கும் ரசீது கேளுங்கள். அவ்வளவுதான்.

கெடு தாண்டிவிட்டதால் தாமதத்தை மன்னிக்கச் சொல்லி மனு போட வேண்டுமாம். ஆணை என் கைக்கு என்று வந்தது என்று காட்ட, தபால் முத்திரை உள்ள அந்தக் கவர் வேண்டும். அது இன்னும் அந்த ஆலோசனை மையத்து மனிதரின் மேஜை டிராயரில். நாளைக் காலை தம்பியையும் கூட்டிக்கொண்டு போகிறேன்.