பத்து உலோகங்கள் கொண்ட ஒரு பெட்டி: ஒன்பது சொன்னபடி, ஒன்று சொன்னபடி இல்லை

எனக்கு லேத் வேலை. இருபத்திரண்டு வருடமாக உலோகத்தைச் சீவித்தான் பிழைக்கிறேன். ஆனாலும் என் கைக்கு வருபவை பெரும்பாலும் கலப்பு உலோகங்கள்தான்: மைல்டு ஸ்டீல், ஸ்டெயின்லெஸ், பித்தளை, அலுமினிய அலாய். கலப்பில்லாத தனிமத்தைத் தொட்டுப் பார்க்கும் வாய்ப்பு எனக்கே அபூர்வம். அதனால்தான் பத்து உலோகத் தனிமங்களைச் சின்னச் சின்னக் கனசதுரங்களாக வெட்டி, ஒரு மரப்பெட்டியில் அடுக்கி விற்கிறார்கள் என்று தெரிந்ததும் வாங்கினேன். ஒன்பதாம் வகுப்பு படிக்கும் மகளுக்கு என்று சொல்லி வாங்கியதுதான். முதலில் பிரித்தது நான்.

மக்னீசியம், அலுமினியம், டைட்டானியம், துத்தநாகம், வெள்ளீயம், இரும்பு, நிக்கல், செம்பு, பிஸ்மத், டங்ஸ்டன். ஒவ்வொன்றும் பக்கத்துக்கு 10 மில்லிமீட்டர். அதாவது சரியாக ஒரு கன சென்டிமீட்டர். இந்த அளவைத் தேர்ந்தெடுத்தவருக்கு என் பாராட்டு. கட்டியைத் தராசில் வைத்தால் வரும் கிராம் எண்ணே அந்த உலோகத்தின் அடர்த்தி. வகுத்துப் பார்க்கவே வேண்டாம். மகள் பாடப் புத்தகத்தைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு ஒவ்வொன்றாக நிறுத்தாள். அலுமினியம் 2.69, துத்தநாகம் 7.12, செம்பு 8.93. புத்தகத்தில் 2.70, 7.14, 8.96. மக்னீசியத்தைக் கையில் எடுத்ததும், "அப்பா, உள்ளே காலியா?" என்று கேட்டாள். காலி இல்லை. 1.74 கிராம்தான் அதன் இயல்பு.

வெட்டு வேலையைப் பற்றி நான் சொல்லியே ஆக வேண்டும். செம்புக் கட்டியின் விளிம்புகளை லென்ஸ் வைத்துப் பார்த்தேன், பிசிறே இல்லை. தூய செம்பைச் சீவியவர்களுக்கு இதன் அருமை தெரியும். அது மெழுகு மாதிரி டூல் முனையில் ஒட்டும், நீளச் சுருளாக இழுத்துக்கொண்டு வரும், விளிம்பில் பிசிறு விட்டுவிட்டுப் போகும். இவ்வளவு சுத்தமாக முடித்தவர் பொறுமைசாலி. டைட்டானியத்தில் மட்டும் ஒரு பக்கம் டூல் அதிர்ந்த தடம் தெரிகிறது. அதற்காக நான் குறை சொல்ல மாட்டேன். செம்பு கடத்தும் வெப்பத்தில் பதினெட்டில் ஒரு பங்குதான் டைட்டானியம் கடத்தும். வெட்டும்போது கிளம்பும் சூடு போக வழியில்லாமல் டூல் முனையிலேயே நின்றுவிடும், முனை கருகிவிடும்.

இதை வீட்டில் யாரும் உணர்ந்து பார்க்கலாம். செம்பையும் டைட்டானியத்தையும் ஒரே நேரத்தில் உதட்டில் வையுங்கள். செம்பு சில்லென்று இருக்கும், டைட்டானியம் அவ்வளவு குளிராது. இரண்டும் ஒரே அறையில் ஒரே வெப்பநிலையில் கிடந்தவைதான். கட்டி சின்னது என்பதால் ஓரிரு நொடிதான் இந்த வித்தியாசம் நிற்கும், கவனமாக இருக்க வேண்டும்.

துத்தநாகமும் வெள்ளீயமும் பார்வைக்கும் எடைக்கும் ஏறக்குறைய ஒன்று. நகத்தால் கீறினால் தெரிந்துவிடும்: வெள்ளீயத்தில் தடம் விழும். அந்த மென்மையே அதற்கு வினையாகிவிட்டது. பெட்டிக்குள் மற்ற கட்டிகளோடு உரசி அதன் இரண்டு மூலைகள் வரும்போதே மழுங்கியிருந்தன. ஒவ்வொரு குழியிலும் கொஞ்சம் பஞ்சோ ஸ்பாஞ்சோ வைத்திருக்கலாம். எனக்கு இன்னொரு வருத்தமும் உண்டு. வெள்ளீயத்தைக் கனசதுரமாகக் கொடுத்தால் அதன் சிறந்த குணம் மறைந்துபோகிறது. கம்பியாகக் கொடுத்து வளைத்தால் உள்ளே இருக்கும் படிகங்கள் திரும்புவதில் 'கிறீச்' என்று ஒரு சத்தம் வரும். வெள்ளீயத்தின் அழுகை என்றே அதைச் சொல்வார்கள். ஒரு சின்னக் கம்பியைக் கூடவே வைத்தால் என்ன?

கூடவே வந்த கையேடு எனக்குப் போதவில்லை. அணு எண், உருகுநிலை, கொதிநிலை என்று அட்டவணை மட்டும்தான். எங்கிருந்து வருகிறது என்று ஒரு வரி இல்லை. கையில் ஒரு பொருளை வைத்திருக்கும் பிள்ளை முதலில் கேட்பதே அதுதானே. மக்னீசியத்தையே எடுத்துக்கொள்ளுங்கள். ஒரு லிட்டர் கடல் நீரில் ஏறத்தாழ 1.3 கிராம் மக்னீசியம் கரைந்திருக்கிறது. இந்தக் கட்டிக்கு ஒன்றரை லிட்டர் கடல் நீர் போதும். 1941-இல் அமெரிக்காவின் டெக்சாஸ் கரையில் கடல் நீரிலிருந்தே இதைப் பிரித்தெடுக்கத் தொடங்கினார்கள். இன்று பெரும்பகுதி டோலமைட் பாறையிலிருந்து வருகிறது. அலுமினியம் மண்ணில் நிறையவே உண்டு, பிரிப்பதுதான் கஷ்டம். 1884-இல் வாஷிங்டன் நினைவுத் தூணின் உச்சியில் அலுமினியப் பிரமிடு வைத்தார்கள் என்றால், அன்று அது அவ்வளவு அரிய உலோகம். இரண்டே ஆண்டில் அமெரிக்காவில் ஹால் என்பவரும் பிரான்ஸில் எரூ என்பவரும் தனித்தனியே மின்சாரத்தால் பிரிக்கும் முறையைக் கண்டுபிடிக்க, விலை சரிந்தது. டைட்டானியத் தாதுவில் பெரும்பங்கு உலோகமாகவே ஆவதில்லை, ஆக்சைடாகி வெள்ளைப் பெயின்ட்டுக்குப் போகிறது. இதையெல்லாம் நான்கு பக்கத்தில் எழுதிவிடலாம்.

பிஸ்மத்துக்குக் கீழே 'முற்றிலும் நிலையானது' என்று போட்டிருப்பதும் பழைய செய்தி. 2003-இல் பிரான்ஸில் அளந்து பார்த்துவிட்டார்கள், அதுவும் மெல்லச் சிதைகிறது. ஆனால் பயப்பட எதுவும் இல்லை. அரை ஆயுள், அதாவது பாதி அணுக்கள் சிதைய ஆகும் காலம், ஏறத்தாழ 2 கோடி லட்சம் கோடி ஆண்டுகள். பிரபஞ்சத்தின் வயதே 1,380 கோடி ஆண்டுகள்தான். மகளுக்கு இந்தப் பெட்டியில் மிகவும் பிடித்தது பிஸ்மத். ஒரு சின்ன நியோடிமியம் காந்தத்தை நூலில் தொங்கவிட்டுப் பக்கத்தில் கொண்டுபோனால், காந்தம் ஒட்டுவதற்குப் பதில் மெல்ல விலகிப் போகிறது. இரும்பிலும் நிக்கலிலும் ஓடிப்போய் ஒட்டுகிற அதே காந்தம்.

அந்தக் காந்தத்தால்தான் விஷயம் வெளியே வந்தது. பத்தாவது கட்டி டங்ஸ்டன். லேபிளில் 99.95 சதவீதம் என்று இருந்தது. தராசில் வைத்தால் 18.1 கிராம். தூய டங்ஸ்டன் என்றால் 19.2-க்கு மேல் வர வேண்டும். கட்டி அளவில் குறைந்திருக்கலாம் என்று வெர்னியர் அளவுகோல் வைத்தேன், 9.98 மில்லிமீட்டர். அதனால் ஒரு கிராம் குறையாது. காந்தத்தைக் கொண்டுபோனேன், லேசாக இழுத்தது. தூய டங்ஸ்டன் கண்ணுக்குத் தெரியும்படி காந்தத்தை இழுக்காது. எனக்குப் புரிந்துவிட்டது.

டங்ஸ்டன் உருக 3,422 டிகிரி செல்சியஸ் வேண்டும். உலோகங்களிலேயே அதிகம். அதனால் அதை உருக்கி வார்ப்பதில்லை, தூளாக அழுத்திச் சுட்டுத்தான் கட்டியாக்குகிறார்கள். அந்தத் தூளோடு கொஞ்சம் நிக்கலும் இரும்பும் சேர்த்தால் குறைந்த சூட்டிலேயே இறுகும், வெட்டவும் சுலபம். நான் தினமும் பிடிக்கிற கார்பைடு டிப்பும் (டங்ஸ்டனும் கார்பனும் சேர்ந்த வெட்டு முனை) இதே வழியில் பிறந்ததுதான், அங்கே கோபால்ட் பிணைக்கிறது. ஆக, இவர்கள் அனுப்பியது நல்ல பொருள்தான், ஆனால் தனிமம் அல்ல. தனிமப் பெட்டி என்று பெயர் வைத்து அலாய் வைப்பது எனக்கு மனசுக்கு ஒப்பவில்லை. பிள்ளை நிறுத்துப் பார்த்துவிட்டு, தன் கணக்குதான் தப்பு என்று நினைத்துவிடும்.

எடை, அளவு, காந்தத்தின் படம் எல்லாவற்றையும் விற்பவருக்கு எழுதி அனுப்பினேன். முதல் பதில் 'சிறு வேறுபாடு இயல்பு' என்று வந்தது. மறுபடியும் கணக்கோடு எழுதினேன். அப்புறம் மூன்று வாரத்தில் வேறு கட்டி வந்தது. 19.2 கிராம், காந்தம் அசையவில்லை. மேற்பரப்பு கொஞ்சம் சொரசொரப்பு, ஒரு மூலையில் சில்லு பெயர்ந்திருக்கிறது. தூய டங்ஸ்டன் நொறுங்கும் குணம் உள்ளது, அப்படித்தான் இருக்கும். எனக்கு இதுவே போதும்.

வாங்குகிறவர்களுக்கு இரண்டு விஷயம். இரும்புக் கட்டியைத் தொட்ட பிறகு ஒரு சொட்டு எண்ணெய் தடவித் துடைத்து வையுங்கள். எங்கள் வீட்டில் நான்காம் நாளே விரல் ரேகை துருவாக வரைந்துவிட்டது. மக்னீசியத்தை மட்டும் பிள்ளைகள் அரம் போட விடாதீர்கள். கட்டியாக இருக்கும்வரை சாதுவான உலோகம். தூளும் சீவலும் தீப்பற்றினால் கண்ணைப் பறிக்கும் வெளிச்சத்தோடு எரியும், தண்ணீர் ஊற்றினால் ஹைட்ரஜன் கிளம்பி இன்னும் மோசமாகும். காய்ந்த மணலைத்தான் போட வேண்டும். கையேட்டில் இதை முதல் பக்கத்தில் போட்டிருக்க வேண்டும், எங்கேயும் இல்லை.

டங்ஸ்டன் குழப்பத்தை மீறி, இந்தப் பெட்டியை நான் மனதாரப் பரிந்துரைக்கிறேன். வாங்கியதும் தராசில் ஒரு முறை நிறுத்துவிடுங்கள், அவ்வளவுதான். பழைய கட்டியை அவர்கள் திருப்பிக் கேட்கவில்லை. அதையும் புதியதையும் மகள் கண்ணை மூடிக்கொண்டு இரண்டு கையிலும் மாற்றி மாற்றி வைத்துப் பார்க்கிறாள். சொரசொரப்பை வைத்துச் சொல்கிறாளே தவிர, எடையை வைத்து இன்னும் அவளால் பிரிக்க முடியவில்லை. என்னாலும்தான்.