காலடி முன்னாலா, பின்னாலா? கேம் ஒலிக்கு எந்த செட்டிங் நல்லது

போன விடுமுறைக்கு அக்கா மகன் வீட்டுக்கு வந்திருந்தபோது ஒரு சோதனை செய்து பார்த்தோம். கவுண்டர்-ஸ்ட்ரைக் 2 என்ற துப்பாக்கிச் சண்டை கேமில் எங்கள் இருவருக்கு மட்டும் ஒரு மேட்ச். நான் ஒரே இடத்தில் அசையாமல் நிற்க வேண்டும், அவன் தன் லேப்டாப்பில் என்னைச் சுற்றி ஓட வேண்டும். கண்ணை மூடிக்கொண்டு, காலடி கேட்கும் திசையை நான் கையால் காட்ட வேண்டும்.

"மாமா, இப்போ எங்க இருக்கேன்?"

இடமும் வலமும் தப்பவில்லை. ஆனால் அவன் நேர் முதுகுக்குப் பின்னால் நின்றபோது நான் கையை முன்னால் நீட்டிக்கொண்டிருந்தேன். ஒரு தடவை இல்லை, திரும்பத் திரும்ப அப்படித்தான். ஹெட்செட் வயரில் இருந்த 7.1 பட்டனை (சுற்றி ஏழு ஸ்பீக்கரும் ஒரு பாஸ் ஸ்பீக்கரும் இருப்பதுபோலக் காட்டுவது) அணைத்துவிட்டு மறுபடி உட்கார்ந்தேன். இந்த முறை பின்னால் வந்தால் பின்னால்தான் கேட்டது. பெட்டியின் மேல் பெரிய எழுத்தில் அச்சடித்து விற்ற வசதியை அணைத்த பிறகுதான் அந்த ஹெட்செட் ஒழுங்காக வேலை செய்தது.

ஏன் அப்படி என்று புரிய, காது திசையைக் கண்டுபிடிக்கும் விதத்தைக் கொஞ்சம் பார்க்க வேண்டும். இடப்பக்கம் எழும் சத்தம் இடது காதை முதலில் தொடும். வலது காதுக்கு அது அதிகபட்சம் 0.6 முதல் 0.7 மில்லிவிநாடி பிந்தி வரும். தலை குறுக்கே நிற்பதால் கூர்மையான ஒலிகள் மறுபக்கம் மங்கியும் போகும். இட வலத்துக்கு இந்த இரண்டு துப்பும் போதும். நேர் முன்னாலும் நேர் பின்னாலும் எழும் சத்தமோ இரண்டு காதையும் ஒரே நேரத்தில், ஒரே அளவில் தொடுகிறது. அங்கே நமக்குக் கைகொடுப்பது காது மடல். அதன் மடிப்புகளில் பட்டு வரும் ஒலி, திசைக்குத் தக்கபடி தொனி மாறுகிறது. மேலே, கீழே என்று பிரித்துச் சொல்வதும் முக்கியமாக அந்தத் தொனி மாற்றம்தான். காதுக்குள் சின்ன மைக் வைத்து இதை ஒவ்வொரு திசைக்கும் அளந்து வைத்த கணக்குக்குப் பெயர் எச்.ஆர்.டி.எஃப்.

சாதாரண ஸ்டீரியோவில் இந்தக் கணக்கு கிடையாது. சத்தத்தை இடப்பக்கம் கொஞ்சம் கூட்டி வலப்பக்கம் கொஞ்சம் குறைக்கும், அவ்வளவுதான். அதனால் முன் பின் தெரியாது. ஆனாலும் பழகியவர்கள் இதை வைத்தே நன்றாக ஆடுகிறார்கள், மவுஸை லேசாக இடப்பக்கம் திருப்பிப் பார்ப்பார்கள். சத்தம் வலப்பக்கம் நகர்ந்தால் ஆள் முன்னால் இருக்கிறான், இடப்பக்கம் நகர்ந்தால் பின்னால் இருக்கிறான். ஒலியின் தொனி கெடாது, இசை இசையாகவே கேட்கும். விலை குறைந்த ஹெட்போன் வைத்திருப்பவர் வேறெதையும் தொடாமல் இதிலேயே நிற்கலாம் என்பேன்.

கேமுக்குள்ளேயே வரும் எச்.ஆர்.டி.எஃப்-தான் என் முதல் தேர்வு. காரணம் எளிது. எந்தச் சத்தம் எந்தப் புள்ளியில் எழுகிறது என்பது கேமை இயக்கும் மென்பொருளான கேம் எஞ்சினுக்கு மட்டும்தான் துல்லியமாகத் தெரியும். அங்கேயே கணக்குப் போட்டால் மாடியில் நடப்பவன் மாடியில் கேட்பான். கவுண்டர்-ஸ்ட்ரைக்கின் முந்தைய பதிப்பில் இது 2016-இலேயே வந்துவிட்டது. வேலரன்ட் என்ற இன்னொரு துப்பாக்கிச் சண்டை கேமில் 2021 முதல் எச்.ஆர்.டி.எஃப் என்ற பெயரிலேயே ஒரு சுவிட்ச் இருக்கிறது. கவுண்டர்-ஸ்ட்ரைக் 2-இல் இடது வலது பிரிப்பைக் கூட்டிக் குறைக்கவும் ஒரு ஸ்லைடர் உண்டு. அதை ஏற்ற ஏற்ற ஒரு பக்கச் சத்தம் மறு காதுக்குக் கசிவது குறையும். முழுக்க ஏற்றினால் பக்கம் பளிச்சென்று தெரியும், ஆனால் நிஜ உலகில் எந்தச் சத்தமும் ஒற்றைக் காதில் மட்டும் கேட்பதில்லை. ஒரு மணி நேரத்தில் தலை கனக்கும். நான் பாதிக்குக் கீழேயே வைத்திருக்கிறேன்.

இதெல்லாம் புதுசு என்று நினைக்க வேண்டாம். 1998-இலேயே ஆரியல் என்ற நிறுவனத்தின் சிப் வைத்த சவுண்ட் கார்டுகள், ஒலி சுவரில் பட்டுத் திரும்புவதைக்கூடக் கணக்கிட்டு ஹெட்போனில் தந்தன. போட்டி நிறுவனமான கிரியேட்டிவோடு நடந்த வழக்கில் ஆரியல் ஜெயித்தும், செலவு தாங்காமல் திவாலாகி, 2000-இல் அதன் சொத்துகள் கிரியேட்டிவ் கைக்கே போய்ச் சேர்ந்தன. 2007-இல் வந்த விண்டோஸ் விஸ்டா, சவுண்ட் கார்டு நேரடியாகச் செய்துவந்த முப்பரிமாண ஒலி வேலைக்கு வழியையே அடைத்தது. 90-களின் கடைசியில் கையில் இருந்த ஒன்று திரும்பிவர இத்தனை வருஷம் ஆனது எனக்கு இன்றைக்கும் ஆறாத வருத்தம்.

கேமில் இந்த வசதி இல்லை என்றால் அடுத்தது விண்டோஸ் தருவது. விண்டோஸ் சோனிக் 2017-இலிருந்து இலவசம், டால்பி அட்மாஸ் ஹெட்போனுக்குக் காசு கட்ட வேண்டும். அட்மாஸை நேரடியாக ஆதரிக்கும் கேமில் உயரமும் சேர்ந்து வரும். மற்றதில் இரண்டுமே 7.1 ஒலியை வாங்கி, நம்மைச் சுற்றி ஏழு கற்பனை ஸ்பீக்கர்கள் வைத்ததுபோலக் காட்டும். பலர் சறுக்குவது இங்கேதான். விண்டோஸில் சோனிக்கைப் போட்டுவிட்டு கேமுக்குள் 'ஸ்டீரியோ ஹெட்போன்' என்றே விட்டுவிடுவார்கள். அப்போது போய்ச் சேர்வது இரண்டே சேனல், சுற்றி வைக்க எதுவும் மிஞ்சாது. கேமில் ஹோம் தியேட்டர் அல்லது 7.1 என்று மாற்றினால்தான் பலன். கதை கேம்களில், மழையிலும் காட்டிலும் நடக்கும்போது, அட்மாஸ் தரும் விரிவு எனக்குப் பிடிக்கும். காசு கொடுக்கலாமா என்றால் முதலில் சோனிக்கில் ஒரு வாரம் ஆடிப் பாருங்கள். போட்டி ஆட்டத்துக்கு இரண்டையும் அணைத்துவிடுவேன்.

ஹெட்செட்டோடு வரும் 7.1 பட்டனும் இதே வேலையைத்தான் செய்கிறது, தரம் மட்டும் கம்பெனிக்குக் கம்பெனி மாறும். உள்ளே இருப்பது பெரும்பாலும் காதுக்கு ஒரு டிரைவர் (ஒலி எழுப்பும் பாகம்) தான், ஏழு ஸ்பீக்கர் இல்லை. என் சோதனையில் நடந்த கோளாறு இதுதான்: கேம் ஒரு தடவை திசைக் கணக்குப் போட்டு அனுப்பிய ஒலிக்கு, ஹெட்செட் மேலே இன்னொரு தடவை போட்டது. காது மடலின் துப்பு அழிந்துபோய் முன்னும் பின்னும் கலங்கிவிட்டது. கேம், விண்டோஸ், ஹெட்செட் மூன்றில் ஏதாவது ஒன்றே ஒன்றுதான் ஓட வேண்டும். ஹெல்பிளேடு: செனுவாஸ் சாக்ரிஃபைஸ் (2017) விளையாடுபவர்கள் மற்ற எல்லாவற்றையும் அணைத்துவிட்டு வெறும் ஸ்டீரியோ ஹெட்போனில் கேட்க வேண்டும். கதை நாயகி செனுவாவின் தலைக்குள் பேசும் குரல்களை இரு காது மைக் வைத்தே பதிவு செய்திருக்கிறார்கள். பிடரிக்குப் பின்னால் யாரோ மூச்சுவிட்டுப் பேசும் அந்த நெருக்கத்தை எந்தப் பூச்சும் கெடுத்துவிடும்.

பிளேஸ்டேஷன் 5-இல் ஹெட்போனுக்கு ஐந்து வகை ஒலி அமைப்பு கொடுத்திருக்கிறார்கள். ஒருவர் காது போல இன்னொருவர் காது இருக்காது அல்லவா. சோதனை ஒலி காதுக்கு நேராகக் கேட்கும் வகையைப் பொறுமையாகத் தேர்ந்தெடுங்கள், ஐந்து நிமிஷ வேலை.

மேஜை ஸ்பீக்கர் இரண்டு வைத்து ஆடுபவர்களுக்கு எச்.ஆர்.டி.எஃப் ஆகாது. வலது ஸ்பீக்கர் சத்தம் இடது காதுக்கும் போவதால் கணக்கு குலைந்துவிடும். கேமில் 'ஸ்பீக்கர்' என்று மாற்றி, இரண்டு ஸ்பீக்கரும் உங்கள் தலையும் சம பக்க முக்கோணமாக அமையும்படி, ட்வீட்டர் (கூர்மையான ஒலி தரும் சின்ன ஸ்பீக்கர்) காது உயரத்தில் இருக்க, உங்களைப் பார்த்து லேசாகத் திருப்பி வையுங்கள். கார் பந்தயத்துக்கு ஹெட்போனைவிட இதுவே சுகம், எஞ்சின் உறுமல் நெஞ்சில் இறங்கும். ஃபேன் முழு வேகத்தில் சுற்றும் அறையில் மட்டும் மெல்லிய ஒலிகள் எல்லாம் அதில் கரைந்துவிடும்.

விண்டோஸ் ஒலி செட்டிங்கில் இருக்கும் 'லவுட்னெஸ் ஈக்வலைசேஷன்' பற்றி ஒரு வார்த்தை. சின்ன சத்தத்தைத் தூக்கி, பெரிய சத்தத்தை அமுக்கும். காலடி தெளிவாகும், ஆனால் தூரத்துக் காலடியும் பக்கத்துக் காலடியும் ஏறக்குறைய ஒன்றாகிவிடும். கதை கேமில் அதைத் தொடவே வேண்டாம். காலடி கேட்க வால்யூமை ஏற்றுவதும் ஆபத்து. உலக சுகாதார நிறுவனம் பெரியவர்களுக்குச் சொல்லும் வரம்பு 80 டெசிபல் அளவில் வாரம் 40 மணி நேரம், சிறுவர்களுக்கு 75 டெசிபல்.

அக்கா மகன் ஊருக்குப் போய் அடுத்த வாரமே போன் பண்ணினான்.

"மாமா, எல்லாம் நீங்க சொன்ன மாதிரியே வெச்சேன். பிரெண்ட்ஸோட பேச ஆரம்பிச்சா மட்டும் சத்தம் பழைய டெலிபோன் மாதிரி ஆயிடுது."

ப்ளூடூத் ஹெட்செட். மைக் ஓடத் தொடங்கினால் அது அழைப்பு முறைக்கு மாறி, ஸ்டீரியோ போய் ஒற்றைச் சேனலாகச் சுருங்கிவிடும். லேப்டாப்பின் சொந்த மைக்கை வைத்துக்கொள், ஹெட்செட்டைக் கேட்க மட்டும் வை என்றேன். சத்தம் பிந்தி வருவது குறைய வேண்டுமென்றால் வயர் வைத்தது, இல்லை யு.எஸ்.பி டாங்கிள் வைத்த 2.4 கிகாஹெர்ட்ஸ் ஹெட்செட் வாங்கு என்றும் சொல்லி வைத்திருக்கிறேன்.