ரூபே கற்பாதைக்கு ஒட்டு டயரா, ட்யூப்லெஸ்ஸா?

பிரான்ஸின் சைக்கிள் பந்தயம் இது; பெயர்தான் பாரிஸ்–ரூபே. 1977 முதல் பந்தயம் புறப்படுவது பாரிஸுக்கு வடக்கே இருக்கும் கொம்பியேன் ஊரிலிருந்து. ஏறத்தாழ 260 கி.மீ. தூரத்தில் 55 கி.மீ. கல் பதித்த வயல்வெளிப் பாதை; அது முப்பது துண்டுகளாகச் சிதறிக் கிடக்கிறது. மீதி இருநூறு கி.மீ.யில் எந்த டயர் போட்டாலும் ஓடிவிடும். இந்த ஐம்பத்தைந்துக்குத்தான் இத்தனை பஞ்சாயத்து. பந்தயத்துக்கு முந்தைய நாள் பொதுமக்களுக்கு நடத்தும் 'சேலஞ்ச்' சவாரிக்குப் பெயர் கொடுத்தவர்களும் கேட்பது இதையேதான்: பழைய ஒட்டு டயரா, புதிய ட்யூப்லெஸ்ஸா?

என் ஓட்டு ட்யூப்லெஸ்ஸுக்கு. நடுநிலை வேஷம் போடுவதாக இல்லை. பலரும் வேகத்தைக் காரணமாகச் சொல்வார்கள். எனக்கு முக்கியம், பஞ்சர் ஆன அடுத்த ஐந்து நிமிடத்தில் உங்கள் கையில் என்ன வேலை வந்து விழுகிறது என்பது.

முதலில் பெயர்க் குழப்பத்தைத் தீர்த்துவிடலாம். ட்யூபுலர் எனும் ஒட்டு டயரில், மெல்லிய லேடெக்ஸ் ட்யூபைப் பருத்தித் துணிக்கூட்டுக்குள் வைத்து, அடிப்பக்கம் நெடுகத் தைத்துவிடுவார்கள். தையல் மேல் ஒரு துணிப்பட்டை. ரிம்மின் மேற்புறம் ஆழமில்லாத தொட்டி மாதிரி குழிந்திருக்கும். அதில் பசை தடவி ஒட்ட வேண்டும். ட்யூப்லெஸ் என்பது நம் மோட்டார் பைக் சங்கதிதான். டயரின் ஓரத் தடிப்பு ரிம் சுவரில் இறுகி உட்காரும். உள்ளே ட்யூபுக்குப் பதில் ஓட்டையை அடைக்கும் சீலன்ட் திரவம்.

ட்யூப் போட்ட சாதா கிளிஞ்சரும் ஒரு வழிதான். மலிவு, எந்த ஊரிலும் கிடைக்கும், கழற்றி மாட்டத் தெரியாதவர் இல்லை. ஆனால் கற்பாதைக்குத் தேவையான அளவு காற்றைக் குறைத்தால் ட்யூப் ரிம்மில் நசுங்கும். இடுக்குப் பஞ்சருக்குப் பயந்து காற்றை ஏற்றினால் கை மரத்துப்போகும். புதிதாக வந்திருக்கும் டி.பி.யு. எனும் பிளாஸ்டிக் ட்யூபுகள் எடை குறைவுதான். கற்பாதையில் அவற்றை நம்பிச் சொல்லும் அளவுக்கு அனுபவம் இன்னும் சேரவில்லை. இதோடு கிளிஞ்சரை விட்டுவிடுகிறேன்.

வேகத்தைப் பற்றியும் நீட்டி முழக்க ஒன்றுமில்லை. 1964இல் பீட்டர் போஸ்ட் வென்றபோது சராசரி மணிக்கு 45.129 கி.மீ. ஒட்டு டயரில் போட்ட அந்தச் சாதனை 2017 வரை உடையவில்லை. அதை உடைத்த கிரெக் வான் ஆவர்மாட்டின் வேகமும் 45.2தான். பிறகு மத்யூ வான் டெர் பூல் 2023இல் 46.8, 2024இல் 47.8 என்று ஏற்றிவிட்டார். இதைக் காட்டி 'எல்லாம் ட்யூப்லெஸ் மகிமை' என்று விற்பவர்களை நம்ப வேண்டாம். பின்காற்று அடித்ததா, முன்னணி அணிகள் எத்தனை கி.மீ. முன்பே பந்தயத்தைப் பிய்த்தன, டயர் அகலம் 32 மி.மீ.க்குப் போனது, எல்லாமே அதில் கலந்திருக்கிறது. உருளும்போது பசை அடுக்கு நெளிவதில் ஒட்டு டயர் கொஞ்சம் சக்தியை இழக்கிறது. பதிலுக்கு அதன் ரிம்முக்குப் பக்கச் சுவர் வேண்டாததால் எடை குறைகிறது. தட்டையான ரூபே பாதையில் அந்த எடைக்குப் பெரிய மதிப்பில்லை.

இனி பஞ்சர்.

ரூபே பாதையின் குறுக்குவெட்டை மனதில் வரைந்து பாருங்கள். நடுவில் முதுகு மாதிரி உயர்ந்திருக்கும்; இரண்டு பக்கமும் டிராக்டர் சக்கரம் தேய்த்த பள்ளம்; அதற்கும் அப்பால் மண் விளிம்பு. முதுகில் போனால் கல்லின் கூர்முனை டயரை ரிம் வரை அழுத்தும். இடையில் மாட்டிய ட்யூபில் அக்கம்பக்கமாக இரண்டு ஓட்டை விழும். பாம்பு கடித்த தடம் போலிருக்கும். விளிம்பு மண்ணில் போனால் குலுக்கல் குறையும், ஆனால் அங்கேதான் கூர்மையான கல் சில்லுகள் மறைந்திருக்கும்; அவை டயரை அறுக்கும். எந்தப் பக்கம் போனாலும் ஏதோ ஒன்று காத்திருக்கிறது.

இடுக்குப் பஞ்சரில் ஒட்டு டயர் கிளிஞ்சரைவிட எவ்வளவோ மேல். அதன் ரிம் விளிம்பு உருண்டையானது, கத்தி போல வெட்டாது. ட்யூப்லெஸ்ஸில் நசுங்குவதற்கு ட்யூபே இல்லை; ஆனாலும் அடி பலமாக இருந்தால் டயரின் பக்கச் சுவரே கிழியும், மறந்துவிடாதீர்கள். அறுபடும் பஞ்சரில்தான் பெரிய வித்தியாசம். ஒரு மில்லிமீட்டர், இரண்டு மில்லிமீட்டர் துளையைச் சீலன்ட் நீங்கள் கவனிக்கும் முன்பே அடைத்துவிடும். டயரில் ஒரு வெள்ளைப் பொட்டைப் பார்த்துத்தான் பஞ்சர் ஆனதே தெரியவரும். கொஞ்சம் பெரிய வெட்டில் காற்று முழுதாகப் போகாமல், அழுத்தம் பாதியாக இறங்கிய பிறகு அடைபடும். பாதிக் காற்றில் அந்தக் கற்பாதைத் துண்டைத் தாண்டிவிடலாம்.

ஒட்டு டயர்க்காரர்களிடமும் ஒரு பலமான வாதம் உண்டு. காற்று போனாலும் டயர் ரிம்மை விட்டு வராது, பசை பிடித்திருக்கும். தட்டை டயரிலேயே மெதுவாக உருட்டிக்கொண்டு, கற்பாதைத் துண்டின் முடிவில் உதவியாளர் சக்கரத்தோடு நிற்கும் இடம் வரை போய்விடலாம். ஆராம்பேர் காடு மாதிரி இரண்டு கி.மீ.க்கும் மேல் நீளும் இடத்தில், அணிக் கார் பின்னால் எங்கோ மாட்டிக்கொண்டிருக்கும்போது, இதன் மதிப்பு சாதாரணமல்ல. தொழில்முறை அணிகள் பல காலம் ஒட்டு டயரை விடாததற்கு இது முக்கியமான காரணம். 2021 அக்டோபரில் சேறும் சகதியுமாக நடந்த பந்தயத்தில் சோனி கோல்பிரெல்லி ட்யூப்லெஸ்ஸில் வென்ற பிறகு அந்தப் பிடிவாதம் மளமளவென்று உடைந்தது.

ட்யூப்லெஸ் போட்டால் கவலையே இல்லை என்றும் நினைக்க வேண்டாம். 2023இல் கார்ஃபூர் த லார்ப்ர துண்டில், முடிவுக்குப் பதினைந்து கி.மீ. அளவே இருந்தபோது, வவுட் வான் ஆர்ட் பஞ்சராகி நின்றார். வான் டெர் பூல் தனியாகப் போய்விட்டார். வான் ஆர்ட்டுக்கு மூன்றாம் இடம். சீலன்ட் அடைக்கும் வெட்டுக்கு ஓர் அளவு உண்டு.

ஆனால் உங்களுக்காகக் கற்பாதைத் துண்டின் முடிவில் சக்கரத்தோடு யாரும் நிற்கப் போவதில்லை. அணியில்லாத ஆளுக்கு ஒட்டு டயரின் மிகப் பெரிய பலமே பாதி செத்துவிடுகிறது. உருட்டிக்கொண்டு எங்கே போவது? இருக்கைக்கு அடியில் மடித்துக் கட்டிய உதிரி ஒட்டு டயரை எடுக்க வேண்டும். பழையதை ரிம்மிலிருந்து பிய்க்க வேண்டும். நன்றாக ஒட்டியிருந்தால் கட்டைவிரல் நகம் பெயரும், சுலபமாக வந்துவிட்டால் அதுவரை சரியாக ஒட்டாமல்தான் ஓடியிருக்கிறது என்று அர்த்தம். புதிதை மீதமுள்ள பசையில் இழுத்து மாட்டி, திருப்பங்களில் பயந்து பயந்து போக வேண்டும். முழுப் பிடிப்பு கிடைக்காது. இரண்டாவது பஞ்சர் ஆனால் ரயில் நிலையம் எங்கே என்று விசாரிக்க வேண்டியதுதான்.

வீட்டுக்கு வந்த பிறகும் ஓயாது. பஞ்சரான ஒட்டு டயரைச் சரிசெய்ய, ஓட்டை இருக்கும் இடத்தில் ஒரு சாண் துணிப்பட்டையை உரித்து, தையலைப் பிரித்து, ட்யூபை வெளியே இழுத்து ஒட்டுப்போட்டு, மறுபடி கையால் தைத்து, பட்டையை ஒட்ட வேண்டும். பிறகு ரிம் வேலை. பழைய பசைக் கட்டிகளைச் சுரண்டி, கரைப்பான் தொட்ட துணியால் எண்ணெய்ப் பிசுக்கைத் துடைக்க வேண்டும். புது டயரானால் பசையில்லாத ரிம்மில் மாட்டிக் காற்றடித்து ஒரு நாள் இழுபட விட வேண்டும். ரிம்மில் மெல்லிய பூச்சு இரண்டு, டயர்ப் பட்டையில் ஒன்று. ஒவ்வொன்றும் ஓர் இரவு காய வேண்டும். கடைசியாக ரிம்மில் இன்னொரு பூச்சு; அது ஈரம் வற்றாமல் இருக்கும்போதே வால்வு பக்கம் தொடங்கி இரண்டு கையாலும் கீழ்நோக்கி இழுத்து மாட்டி, வளைவு நெளிவு பார்த்து நேராக்கி, காற்றடித்து 24 மணி நேரம் விட வேண்டும். ஆக மொத்தம் மூன்று நாள். தடிமனாக ஒரே பூச்சு பூசி நேரத்தை மிச்சம் பிடிப்பவர்கள் செய்வதுதான் பெரிய தவறு: வெளியே காய்ந்து உள்ளே கொழகொழவென்று நிற்கும், வெயிலில் பிரேக் பிடித்தால் டயர் நழுவும். 2003 டூர் த பிரான்ஸில் கேப் நகருக்கு இறங்கும் சாலையில், தார் உருகிய வெயிலில் ஹொசேபா பெலோகி விழுந்தபோது டயர் ரிம்மை விட்டுக் கழன்ற படத்தை மறந்தவர்கள் இருக்க மாட்டார்கள்.

இதோடு லேடெக்ஸ் ட்யூபின் சுபாவம் வேறு: ராத்திரி நிறுத்திவைத்தால் காலையில் காற்றழுத்தம் ஒரு பாருக்கு (அழுத்த அலகு) மேல் இறங்கியிருக்கும். சவாரி போகும் ஒவ்வொரு நாளும் பம்ப்.

ட்யூப்லெஸ்ஸுக்கும் வேலை உண்டு. வித்தியாசம், அது ஒரு மாலை நேர வேலை. ரிம்மின் உள் அகலத்தைவிட 2 மி.மீ. கூடுதலான டேப் எடுங்கள். உள் அகலம் 23 என்றால் 25. வால்வு துளைக்கு எதிர்ப்பக்கம் தொடங்கி, விறைப்பாக இழுத்தபடி ஒரு சுற்று. தொடங்கிய இடத்தைத் தாண்டி ஒரு கையளவு மேலே ஏற்றி ஒட்டுங்கள். ஓரம் சுருங்கிய டேப்தான் பிறகு வரும் மர்மக் கசிவுகளில் பாதிக்குக் காரணம். வால்வு துளையைக் கத்தியால் குறுக்கே கீறாமல், சூடாக்கிய ஊசியால் சின்ன வட்டமாக ஓட்டை போட்டால் டேப் கிழியாது. வால்வு நட்டைக் கையால் மட்டும் முடுக்குங்கள். ப்ளையர் போட்டு முடுக்கியவர் வழியில் அதைக் கழற்ற முடியாமல் முழிப்பார்.

சீலன்ட் இல்லாமலேயே ஒருமுறை கம்ப்ரஸரில் காற்றடித்து, ஓரத் தடிப்பு 'டக் டக்' என்று இரண்டு பக்கமும் உட்காரும் சத்தத்தைக் கேளுங்கள். சோப்புத் தண்ணீர் தடவினால் எளிதாக உட்காரும். பிறகு காற்றை இறக்கி, வால்வின் உட்கருவைக் கழற்றி, 32 மி.மீ. டயருக்கு 50 மி.லி. அளவு ஊற்றி, மறுபடி காற்றடித்துச் சக்கரத்தைச் சாய்த்துச் சாய்த்துச் சுழற்ற வேண்டும். காற்றடிக்கும்போது வால்வு கீழே இருக்கக் கூடாது. திரவம் புகுந்து உட்கருவில் உறைந்து, அடுத்த முறை பம்ப் ஏறாது. உதிரி உட்கரு ஒன்று பையில் இருக்கட்டும், எடை ஒன்றும் இல்லை.

இதில் உண்மையான பராமரிப்பு என்றால் சீலன்ட் காய்வதுதான். இரண்டு மூன்று மாதத்துக்கு ஒருமுறை, உட்கருவைக் கழற்றிய வால்வு வழியாக ஒரு மெல்லிய பிளாஸ்டிக் குச்சியை விட்டுப் பாருங்கள். நனைந்து வந்தால் சரி. வறண்டு வந்தால் அது வெறும் டயர். பாதுகாப்பு எதுவும் உள்ளே இல்லை. வெப்பமான ஊரில் இன்னும் சீக்கிரம் காயும். 'ட்யூப்லெஸ் போட்டும் பஞ்சர் ஆகிறது' என்று புலம்புகிறவர்களிடம் முதலில் கேட்க வேண்டியது, கடைசியாக எப்போது ஊற்றினீர்கள் என்பதை.

வழியில் பஞ்சர் ஆனால்: 'ஸ்ஸ்' சத்தம் கேட்டதும் ஓட்டை கீழே வரும்படி சக்கரத்தை நிறுத்துங்கள், திரவம் அங்கே தேங்கட்டும். அரை நிமிடத்தில் அடையவில்லை என்றால் பசைத்திரி. பஞ்சர் கடையில் மோட்டார் பைக் டயரில் திணிப்பார்களே, அதன் சின்னத் தம்பி. திணித்து, பம்ப் அடித்துக் கிளம்பலாம். அதற்கும் மசியாத கிழிசல் என்றால் உள்ளே கிழிசலுக்கு ஒரு துண்டு வைத்து ட்யூப் போடுவதுதான். அப்போது ஒன்றை மட்டும் விட்டுவிடாதீர்கள்: டயரின் உட்பக்கம் முழுக்க விரலால் தடவிப் பாருங்கள். சீலன்ட் அடைத்துவைத்த பழைய முட்களும் கல் சில்லுகளும் நாலைந்து அங்கே நிற்கும். இதுவரை ஒன்றும் செய்யாதவை, புது ட்யூபை ஐந்து நிமிடத்தில் குத்திவிடும்.

தட்டை டயரில் உருட்டும் வசதி வேண்டும் என்றால் உள்ளே நுரைப்பட்டை போடலாம். அணிகள் பலவும் ரூபேக்குப் போடுகின்றன. ஆனால் வழியில் ட்யூப் மாற்ற நேர்ந்தால், சீலன்டில் ஊறிய அந்தப் பட்டையை உருவி எடுத்துத் தோளில் மாலையாகப் போட்டுக்கொண்டுதான் போக வேண்டும். அணியில்லாதவருக்கு அது வேண்டாம் என்பேன்.

ரிம் விஷயத்தில் ஓர் எச்சரிக்கை. கொக்கியில்லாத ரிம் (டயர் ஓரத்தைப் பிடிக்கும் வளைவு சுவரின் உள்பக்கம் இல்லாதது) என்றால் 5 பார் எல்லையைத் தாண்டக் கூடாது. ரிம் தயாரித்தவர் தரும் டயர்ப் பட்டியலையும் மீறக் கூடாது. 2024 யு.ஏ.இ. டூரில் தாமஸ் த கெண்டின் முன் டயர் அத்தகைய ரிம்மிலிருந்து கழன்றபோது, வீரர்கள் சங்கமே அவற்றுக்கு எதிராகக் குரல் எழுப்பியது. வாங்கப் போகிறவர் கொக்கியுள்ள ரிம்மையே எடுக்கலாம். சில கிராம் கூடினால் குடி முழுகிவிடாது.

யார் ஒட்டு டயரிலேயே இருக்கலாம்? நல்ல ஒட்டு டயர் சக்கரம் ஏற்கெனவே கையில் இருப்பவர், பசை வேலையை ரசித்துச் செய்பவர், சட்டகத்தில் 28 மி.மீ.க்கு மேல் இடமில்லாத பழைய சைக்கிள் வைத்திருப்பவர். அவர்கள் ட்யூபுக்குள் 30 மி.லி. சீலன்ட் விட்டுக்கொள்ளட்டும், வால்வு உட்கரு கழலும் வகையா என்று மட்டும் முதலில் பார்க்க வேண்டும். கல்லில் அந்தப் பருத்திக்கூடு உருளும் மென்மை தனிதான். அதை மறுக்க மாட்டேன்.

காற்றுக் கணக்கு: 70 கிலோ ஆளுக்கு 32 மி.மீ. ட்யூப்லெஸ்ஸில் முன்னே 3.6, பின்னே 3.8 பார் என்று தொடங்கலாம். ரிம் கல்லில் 'டங்' என்று அடிக்கும் சத்தம் கேட்டால் 0.2 ஏற்றுங்கள், கை நடுங்கிப் பிடி நழுவினால் 0.2 இறக்குங்கள். 28 மி.மீ. ஒட்டு டயர் என்றால் 5 பாரை ஒட்டி. இரண்டு பம்பின் முள் ஒரே அளவைக் காட்டாது, 0.3 பார் தள்ளிக் காட்டுவது சகஜம், இந்தக் கணக்கில் அதுவே பெரிய பிழை. வீட்டில் எந்த அளவுமானியில் பார்த்து 3.6 முடிவு செய்தீர்களோ, அதையே பெட்டியில் போட்டு எடுத்துக்கொண்டு போங்கள்.