பட்டறையில் ரெசின் பிரிண்டர்: திருகோணமலையிலிருந்து ஒரு பாவனை அனுபவம்

2021 கடைசியில் எங்கள் நகைப் பட்டறைக்கு ரெசின் 3டி பிரிண்டர் வந்தது. கணினியில் வரைந்த நகையின் உருவை, திரவ ரெசினை ஒளியால் அடுக்கடுக்காக இறுக்கி அச்சடிக்கிற மெஷின் அது. கைக்கு எட்டாத நுணுக்க டிசைன்களுக்குத்தான் அது உதவும் என்று எல்லோரும் சொன்னார்கள். என் கணக்கில் அது இரண்டாம்பட்சம். தங்கம் விற்கிற விலையில், உருக்குவதற்கு முன்பே நிறை தெரிவதுதான் பெரிய லாபம்.

வரைந்த உருவின் கன அளவை மென்பொருள் காட்டும். 22 கரட் என்றால் ஒரு கன சென்டிமீட்டர் ஏறக்குறைய 17.7 கிராம். "எத்தனை பவுண் போகும், தம்பி?" என்று கேட்கிற அம்மாவுக்குக் கிராமிலேயே பதில் சொல்லலாம். மெல்லிசாக்கச் சொன்னால் அவர் கண்முன்னேயே மெல்லிசாக்கலாம்.

அடுத்த லாபம் சோடி சேர்ப்பது. நிலாவெளியில் குளிக்கப்போய் ஒற்றைத் தோட்டைத் தொலைத்துவிட்டு வருகிறவர்கள் குறைவில்லை. மிஞ்சினதை அளந்து வரைந்து, கண்ணாடியில் தெரிவதுபோல் திருப்பி அச்சடித்தால் மற்றதின் உரு தயார்.

தலையிடி வார்ப்பில்தான். உருவைப் பிளாஸ்டரில் புதைத்து, சூளையில் சூடாக்கி அதை வெளியேற்றி, அந்த வெற்றிடத்தில் தங்கத்தை ஊற்றுவதுதான் வார்ப்பு. பழைய முறையில் செய்கிற மெழுகு உரு உருகி வழிந்துவிடும். வார்ப்பு ரெசின் அப்படியில்லை, சூட்டில் விரியும். அவசரப்பட்டால் பிளாஸ்டர் அச்சு வெடிக்கும். சரியாக எரியாவிட்டால் சாம்பல் தங்கி நகையில் பள்ளம் பள்ளமாக விழும். மெல்ல மெல்ல ஏற்றி, 700 பாகை செல்சியஸுக்கு மேலே சில மணிநேரம் வைத்திருக்க வேண்டும். 2022 மார்ச் கடைசியில் நாளுக்கு 13 மணிநேரம் கரண்ட் போனதே, அந்த நாட்களில் பிரிண்டரை யூபிஎஸ் தாங்கியது. சூளையை எது தாங்கும்? பழைய மெழுகு வேலைக்கே திரும்பினோம்.

அடுக்கடுக்காக அச்சடித்த உருவின் படிக்கோடுகள் தங்கத்திலும் அப்படியே விழும். அரம் போட்டு, கல் பதித்து, மெருகேற்றப் பத்தர் ஐயாவின் கைதான் வேண்டும். தாலிப் பக்கம் மெஷினை நான் கொண்டுபோவதில்லை. பொன்னுருக்குச் சடங்கில் உருக்கின பொன்னை அவர் தட்டித்தான் செய்வார், வீட்டாருக்கும் அதுதான் விருப்பம்.

வாங்க நினைப்பவர்கள் ஜன்னலுக்குத் தடித்த திரை போடுங்கள், நம்மூர் வெயில் பட்டால் தொட்டியிலேயே ரெசின் இறுகிவிடும். கையுறை கட்டாயம். அச்சடித்த உருவைக் கழுவின அல்ககோலைக் கிணற்றடியிலோ கானிலோ ஊற்றாதீர்கள். மூடின போத்தலில் வைத்துத் தெளியவிட்டால் மேலே நிற்பதைத் திரும்பவும் பாவிக்கலாம், அடியில் தங்கும் கழிவை மட்டும் வெயிலில் இறுகவைத்து எடுத்தால் போதும்.