அளந்தது நிற்கவில்லை: விண்டோஸில் மானிட்டர் அளவுத்திருத்த நிரலகங்களோடு எட்டு ஆண்டுகள்

மூன்று வாரம் உட்கார்ந்து திருத்திய உருவப்படங்கள் அச்சாகி வந்தன. பின்னணியில் இருக்க வேண்டிய நடுநிலைச் சாம்பல் எல்லாப் பக்கங்களிலும் மெலிதாக ரோஜா பூத்திருந்தது. வழக்கம்போல முதல் கோபம் அச்சகத்தின் மேல்தான். அழைத்துத் திட்டுவதற்கு முன் எதற்கும் ஒரு தரம் பார்த்துவிடுவோம் என்று நிறத்தை அளக்கும் கருவியான கலரிமீட்டரைத் திரையில் தொங்கவிட்டு அளந்தேன். வெண்புள்ளி, அதாவது திரை காட்டும் வெள்ளையின் நிறம், பச்சைப் பக்கம் நகர்ந்து கிடந்தது. மானிட்டர் பழுதாகவில்லை. கருவியால் அளந்து திரையின் நிறத்தைச் சரிசெய்யும் அளவுத்திருத்தமும் தவறாகச் செய்யப்படவில்லை. அந்தத் திருத்தம் நடப்பிலேயே இல்லை. பச்சையாகத் தெரிந்த திரையைப் பார்த்துப் பார்த்து ஒவ்வொரு படத்திலிருந்தும் பச்சையை நானே கழித்திருக்கிறேன். அச்சகம் கொடுத்ததைக் கொடுத்தபடி அச்சிட்டிருக்கிறது.

எட்டு ஆண்டுகளாக விண்டோஸ் கணினிகளில் மானிட்டர்களை அளவுத்திருத்தம் செய்துவருகிறேன். முதல் இரண்டு ஆண்டுகள், எது துல்லியமாக அளக்கும் என்ற ஆராய்ச்சியிலேயே போய்விட்டன. அந்த ரோஜாச் சாம்பலுக்குப் பிறகுதான் கேட்க வேண்டிய கேள்வி பிடிபட்டது: அளந்ததை யார் கட்டிக்காக்கிறார்கள்?

அளவுத்திருத்தத்தின் முடிவில் கிடைக்கும் ஐசிசி ப்ரொஃபைல் கோப்புக்குள் இரண்டு வகைச் சரக்கு இருக்கிறது. எந்த எண்ணுக்கு எந்த நிறத்தை இந்தத் திரை காட்டும் என்கிற விவரிப்பு ஒன்று. படம் திருத்தும் செயலிகள் அதைப் படித்துக்கொள்ளும். மற்றது விசிஜிடி என்ற பகுதி. சிவப்பு, பச்சை, நீலம் மூன்றுக்குமான திருத்த வளைவுகள் அதில் இருக்கின்றன. இவை கோப்பில் இருந்தால் மட்டும் போதாது. கணினி தொடங்கும் ஒவ்வொரு முறையும் யாராவது அவற்றை எடுத்து, திரைக்குப் போகும் நிற எண்களை மாற்றித்தரும் கிராஃபிக்ஸ் கார்டின் காமா அட்டவணையில் ஏற்ற வேண்டும். வளைவுகள் ஏறியிருக்கின்றன என்ற நம்பிக்கையில்தான் அந்த விவரிப்பே எழுதப்பட்டிருக்கிறது. ஏறாவிட்டால் செயலி சரியான கணக்கைத் தவறான திரைக்குப் போடும். இதை எச்சரிக்க எந்தப் பெட்டியும் எழும்பாது.

அளக்கும் வேலைக்கு நான் கடைசியில் வந்து சேர்ந்தது கிரேம் கில் எழுதிய ஆர்கில்சிஎம்எஸ். கருப்புக் கட்டளைச் சாளரம்தான், பொத்தான் ஒன்றும் கிடையாது. டிஸ்ப்கேல் திருத்த வளைவுகளை உருவாக்கும். டார்ஜென் சோதனை நிறங்களைத் தேர்ந்தெடுக்கும். டிஸ்ப்ரீட் அவற்றைத் திரையில் ஒவ்வொன்றாகக் காட்டி அளக்கும். கால்ப்ராஃப் அந்த அளவீடுகளிலிருந்து ப்ரொஃபைலைக் கட்டும். ஒவ்வொரு படியின் விளைவும் தனிக் கோப்பாக நிற்பதால், எங்கே தவறினோம் என்று பிறகு தோண்டிப் பார்க்க முடிகிறது. கருவியோடு வரும் பளபளப்பான மென்பொருள்கள் சிலவற்றைப் பயன்படுத்தியிருக்கிறேன். முடிவில் ஒரு பச்சை டிக் போட்டு வாழ்த்துச் சொல்லும். என்ன அளந்தது, எவ்வளவு பிழை மிஞ்சியது என்று கேட்டால் வாய் திறக்காது.

டிஸ்ப்கேலில் பலர் தாண்டிப்போகும் ஒரு படி இருக்கிறது. வளைவுகளைக் கணக்கிடும் முன், மானிட்டரின் பொத்தான்களைக் கொண்டே சிவப்பு, பச்சை, நீல அளவுகளைத் திருப்பி வெண்புள்ளியை இலக்குக்குக் கொண்டுவரச் சொல்லும். நானும் ஆரம்பத்தில் சோம்பலில் அதைத் தவிர்த்தேன். விளைவு, சாய்வு நிறங்களில் படிக்கட்டு போன்ற பட்டைகள். காரணம் எளிது. 8 பிட் இணைப்பில் ஒரு நிறத்துக்கு 256 படிகள்தான் உண்டு. நீலத்தைக் குறைக்கும் பொறுப்பு முழுவதையும் காமா அட்டவணையின் தலையில் கட்டி உச்சத்தை 220க்கு இறக்கினால், முப்பத்தைந்து படிகள் அங்கேயே தொலைந்துபோகின்றன. அதே வேலையை மானிட்டருக்குள் செய்தால் இந்த இழப்பைப் பெருமளவு தவிர்க்கலாம். அட்டவணைக்கு மிச்சமிருப்பது சின்னச் சின்ன நெளிவுகளைச் சரிசெய்வது மட்டுமே. இப்போது பொத்தான் திருப்புவதற்கே கால் மணி நேரம் ஒதுக்குகிறேன். இலக்கு டி65 என்ற பகல் ஒளி வெண்மை, இருளிலிருந்து வெளிச்சத்துக்கு ஏறும் வளைவைக் குறிக்கும் காமா 2.2, ஒளிர்வு சதுர மீட்டருக்கு 100 கேண்டெலா. திரையை அரை மணி நேரமாவது எரியவிட்ட பிறகே அளவு.

இரண்டாவது மானிட்டர் வாங்கியபோது வேறொரு பாடம் காத்திருந்தது. அது அகன்ற நிறப்பரப்பு கொண்டது. இரண்டையும் ஒரே கலரிமீட்டரால், ஒரே இலக்குக்கு அளந்தேன். எண்கள் அச்சு அசலாக ஒத்துப்போயின. கண்ணுக்கோ ஒன்று வெள்ளை, மற்றது இளஞ்சிவப்பு கலந்த வெள்ளை. என் கண்ணையே இரண்டு நாள் சந்தேகித்தேன். கலரிமீட்டரில் இருப்பது மூன்று நான்கு வடிகட்டிகள்தான்; அவை மனிதக் கண்ணின் உணர்வை ஓரளவுக்கே பின்பற்றுகின்றன. பின்னொளியின் அலைக்கற்றை மாறினால் பிழையும் மாறும். அதனால் எந்த வகைப் பின்னொளி என்று கருவிக்குச் சொல்லியாக வேண்டும். ஆர்கிலில் அதற்கு சிசிஎஸ்எஸ் என்ற கோப்புகள் இருக்கின்றன. என் திரை வகைக்கு உரியதைத் தேர்ந்து மறுபடி அளந்ததும் வேறுபாடு ஏறக்குறைய மறைந்தது. ஏறக்குறையதான், பக்கத்துப் பக்கத்தில் வைத்து உற்றுப் பார்த்தால் இன்றும் கொஞ்சம் தெரிகிறது. அதோடு சமாதானமாகிவிட்டேன்.

கட்டளைச் சாளரம் பிடிக்காதவர்களுக்கு, ஃப்ளோரியன் ஹோக் எழுதிய டிஸ்ப்ளேகேல் இருக்கிறது. ஆர்கிலுக்கு மேல் போர்த்திய முகப்பு அது, மிக நல்ல முகப்பு. 2019க்குப் பிறகு மூல ஆசிரியரிடமிருந்து புதிய வெளியீடு வரவில்லை. அது பைதான் 2இல் எழுதப்பட்டது. பைதான் 3க்கு மாற்றி வேறு சிலர் பராமரிக்கிறார்கள். புதிதாகத் தொடங்குபவர் அதைத் தேடி எடுப்பதே நல்லது.

டிரைவர் தொல்லையையும் சொல்லிவிடுகிறேன். சில கலரிமீட்டர்கள் விசைப்பலகை, மவுஸ் போல எச்ஐடி சாதனமாகவே அறிமுகமாகும். அவற்றுக்குத் தனி டிரைவர் வேண்டாம், செருகினால் போதும். மற்றவற்றுக்கு ஆர்கில் தன் சொந்த டிரைவரைக் கேட்கும். அதை நிறுவினால் உற்பத்தியாளரின் மென்பொருளுக்குக் கருவி தெரியாது. உற்பத்தியாளரின் டிரைவரைத் திரும்பக் கொண்டுவந்தால் ஆர்கிலுக்குத் தெரியாது. போதாததற்கு விண்டோஸின் டிரைவர் கையொப்பச் சோதனை வேறு. என் முதல் கருவி இந்த ரகம். அடுத்ததை வாங்கும்போது எச்ஐடியா என்பதைத்தான் முதலில் பார்த்தேன், துல்லியத்தை அப்புறம்.

இனி காவல் வேலைக்கு வருகிறேன். விண்டோஸின் சொந்த நிற மேலாண்மை எம்எஸ்சிஎம்எஸ்.டிஎல்எல் என்ற நிரலகத்தில் இருக்கிறது. ஐசிஎம் என்ற பெயரில் விண்டோஸ் 95 காலத்தில் தொடங்கிய ஏற்பாடு, விஸ்டாவில் டபிள்யூசிஎஸ் ஆக வளர்ந்தது. 2009இல் வந்த விண்டோஸ் 7தான் இரண்டு பயனுள்ள வசதிகளைச் சேர்த்தது. கண்ணால் பார்த்துத் திருத்தும் டிசிசிடபிள்யூ என்ற வழிகாட்டி ஒன்று. திருத்த வளைவுகளைக் கணினியே ஏற்றிக்கொள்ளும் ஏற்பாடு இன்னொன்று. வழிகாட்டியைப் பற்றி அதிகம் சொல்ல வேண்டியதில்லை. கருவி இல்லாதவருக்கு ஒன்றுமில்லாததற்கு அது பரவாயில்லை. இரண்டாவது வசதிதான் முக்கியம். நிற மேலாண்மைப் பலகத்தில் மேம்பட்ட அமைப்புகளுக்குப் போய், கணினி இயல்புகளை மாற்றும் பொத்தானை அழுத்தி, திறக்கும் இரண்டாவது சாளரத்தில் அதே பகுதியில் இருக்கும் பெட்டியில் டிக் போட வேண்டும். இவ்வளவு ஆழத்தில் புதைத்து வைத்தால் யார் கண்ணில் படும்? எம்எஸ்சிஎம்எஸ் நிரலகத்தில் இதற்கென்றே ஒரு செயல்கூறு இருக்கிறது. நிரல் எழுதத் தெரிந்தவர் அதை அழைத்து டிக் போடலாம், எடுக்கலாம்.

வளைவுகளை ஏற்றுவதில் விண்டோஸின் ஏற்பாட்டுக்கு, டிஸ்ப்ளேகேலோடு வரும் ஏற்றிச் செயலியின் துல்லியம் கிடையாது என்று டிஸ்ப்ளேகேல் ஆவணம் சொல்கிறது. என் திரையில் என் கண்ணுக்கு அந்த வேறுபாடு தெரியவில்லை. எனக்குத் தெரிந்த பெரிய ஆபத்து வேறு. காமா அட்டவணை பொதுச் சொத்து. செட்டிவைஸ்காமாராம்ப் என்ற பழைய அழைப்பின் மூலம் எந்தச் செயலியும், யாரையும் கேட்காமல், அதை மாற்றி எழுதலாம். விளையாட்டுகள் எழுதும். இரவில் திரையை மஞ்சளாக்கும் செயலிகள் எழுதும். கடைசியாக எழுதியவர் வைத்ததே சட்டம். என் ரோஜாச் சாம்பலுக்குக் காரணமும் அப்படி நானே நிறுவிய ஒரு சிறு செயலிதான். மாலையில் மஞ்சளாக்கிவிட்டு, காலையில் திரும்பப் போகும்போது என் வளைவுகளை வைக்காமல், நேர்கோட்டை வைத்துவிட்டுப் போயிருக்கிறது.

செயலியை நீக்கியதோடு நிற்காமல், அட்டவணைக்கு ஒரே பொறுப்பாளர்தான் என்று முடிவு செய்தேன். விண்டோஸின் டிக்கை எடுத்துவிட்டேன். வளைவுகளை ஏற்றும் ஆர்கிலின் டிஸ்ப்வின் கட்டளையை, உள்நுழையும்போதும் பூட்டைத் திறக்கும்போதும் ஓடும்படி, வேலைகளைத் தானாக ஓட்டும் விண்டோஸின் டாஸ்க் ஷெட்யூலரில் போட்டேன். இரண்டு திரைக்கும் தனித்தனி வரி. பிறகு பைதானில் எண்பது வரியில் ஒரு காவலாளி எழுதினேன். கெட்டிவைஸ்காமாராம்ப் அழைப்பால் அட்டவணையின் 768 எண்களையும் பத்து நிமிடத்துக்கு ஒரு முறை படித்து, அளந்த நாளில் சேமித்த எண்களோடு ஒப்பிடும். மாறியிருந்தால் ஒரு வரி எழுதிவைத்துவிட்டு, மறுபடி ஏற்றும். முதல் மாதத்தில் பதினொரு வரிகள். கிராஃபிக்ஸ் டிரைவர் புதுப்பித்தபோது, ப்ரொஜெக்டர் கேபிளைச் செருகிக் கழற்றியபோது, உறக்கத்திலிருந்து எழுந்தபோது என்று ஒவ்வொன்றுக்கும் காரணம் இருந்தது. அதற்கு முந்தைய ஆண்டுகளில் எத்தனை நாள் எதை நம்பி வேலை செய்தேன் என்று நினைத்தால் வயிற்றைக் கலக்குகிறது. நிரல் எழுத வராதவருக்கு டிஸ்ப்வினிலேயே சரிபார்க்கும் வசதி உண்டு. ஒரே கட்டளையில், வளைவுகள் ஏறியிருக்கின்றனவா இல்லையா என்று சொல்லிவிடும்.

மார்ட்டி மரியாவின் லிட்டில் சிஎம்எஸ் நிரலகத்தை இந்த வரிசையில் சேர்ப்பது கொஞ்சம் இடக்கு. அது அளப்பதும் இல்லை, அட்டவணையைத் தொடுவதும் இல்லை. ஒரு ப்ரொஃபைலிலிருந்து இன்னொன்றுக்கு நிறங்களை மாற்றிக் கணக்கிடும், அவ்வளவுதான். ஆனால் அதை அழைக்கும் சில வரிகளைக் கொண்டு, ப்ரொஃபைல் சொல்லும் நிறத்தையும் கருவி அளந்த நிறத்தையும் ஒப்பிட்டு, இரு நிறங்களுக்கு இடையிலான தூரத்தைச் சொல்லும் டெல்டா ஈ என்ற எண்ணைப் பார்க்கிறேன். இத்தனை ஆண்டுகளில் ஒரு முறைகூட அது என்னைக் குழப்பியதில்லை. ஆவணமும் படிக்கும்படி இருக்கிறது.

ஒளிர்வுக்கு மட்டும் டிடிசி வழி. மானிட்டரின் பொத்தான்களைக் கேபிள் வழியே கணினியே திருப்பும் முறை இது. விஸ்டா முதல் டிஎக்ஸ்விஏ2.டிஎல்எல் நிரலகத்தில் இதற்கான அழைப்புகள் இருக்கின்றன. ஒளிர்வை மாற்றும் ஓர் அழைப்புக்கு ஏறக்குறைய 50 மில்லிநொடி ஆகும். அதனால் நழுவுக்கட்டையை இழுக்க இழுக்கக் கட்டளை அனுப்பினால் மானிட்டர் திணறும். பகல் அமைப்பு, இரவு அமைப்பு என்று இரண்டே எண்களை வைத்துக்கொண்டேன். ஐந்து ஆண்டுகளில் அதே 100 கேண்டெலாவை எட்ட, முதல் மானிட்டரின் ஒளிர்வு எண்ணை 18இலிருந்து 31க்கு ஏற்ற வேண்டியிருந்தது. பின்னொளி மூப்படைகிறது. அல்லது கலரிமீட்டர் மூப்படைகிறது. ஜெலட்டின் போன்ற கரிம வடிகட்டிகள் ஈரத்தில் கெடும் என்பதால் இந்தச் சந்தேகம் நியாயமானதே. என்னுடையது கண்ணாடி வடிகட்டி, எனவே பழியை மானிட்டர் மேலேயே போட்டுவைத்திருக்கிறேன்.

சென்ற ஆண்டு எச்டிஆர் திரை ஒன்று, அதாவது வெளிச்சத்துக்கும் இருளுக்கும் இடையே மிகப் பெரிய வீச்சைக் காட்டும் திரை, வந்து சேர்ந்தது. இத்தனை காலம் கட்டிய காவல் ஏற்பாடு அதில் பாதிக்கு மேல் செல்லாது. எச்டிஆர் நிலையில், 2020இல் வந்த விண்டோஸ் 10 பதிப்பிலிருந்து, ப்ரொஃபைலுக்குள் எம்எச்சி2 என்ற தனிப் பகுதி உண்டு. அதில் நிறங்களைக் கலந்து திருத்தும் மூன்றுக்கு மூன்று எண் அணியும் (மேட்ரிக்ஸ்) வளைவுகளும் இருக்கும். அவற்றை ஏற்றும் பொறுப்பு விண்டோஸுடையது. பொதுச் சொத்தாகக் கிடந்த அட்டவணைக்கு ஒரு சொந்தக்காரர் வந்துவிட்டார் என்ற வகையில் எனக்கு இது பிடித்திருக்கிறது. ஆனால் என் காவலாளி படிக்கும் 768 எண்களில் இந்தத் திருத்தம் தெரிவதில்லை. எல்லாம் சரி என்று அது சொல்வதை அந்தத் திரைக்கு நம்ப முடியாது. அதனால் அங்கே வெள்ளைக் கட்டம் ஒன்றைக் காட்டி, ஆர்கிலின் ஸ்பாட்ரீட் கட்டளையோடு வாரம் ஒரு முறை கையால் அளந்து நோட்டில் எழுதிவைக்கிறேன். எச்டிஆரை அணைத்து மறுபடி போட்ட பிறகும் ஒரு முறை.