தேய்ந்த பள்ளமும் புதைந்த பள்ளமும்

பெரிய விண்கல் மோதிய பள்ளத்தின் உள்ளமைப்பை அறிய, தென்னாப்பிரிக்காவின் விரெடஃபோர்ட்டும் மெக்சிகோவின் சிக்சுலூப்பும் வெவ்வேறு வாயில்களைத் திறக்கின்றன. சுமார் 202 கோடி ஆண்டுகளுக்கு முன் உருவான விரெடஃபோர்ட்டில் பள்ளத்தின் மேற்பகுதியை அரிப்பு எப்போதோ கொண்டுபோய்விட்டதால், மோதலுக்குப் பின் நிலம் மீண்டெழுந்து உருவான நடுமேட்டின் அடிப்பகுதியே இன்று தரையில் தெரிகிறது. அதிர்வலை பாய்ந்ததற்குச் சான்றான கூம்புவடிவ முறிவுகளை அங்குள்ள பாறையில் கையால் தொட்டே பார்க்கலாம். ஆனால் அதன் தொடக்க விட்டத்தை, ஏறத்தாழ 250 முதல் 300 கிலோமீட்டர் என்று, கணிக்கத்தான் முடியும்.

சுமார் 6.6 கோடி ஆண்டு வயதுடைய சிக்சுலூப்போ, ஏறக்குறைய 180 கிலோமீட்டர் விட்டத்துடன், பிற்காலச் சுண்ணாம்புக்கல் அடுக்குகளுக்கு அடியில் பெரிதும் சிதையாமல் கிடக்கிறது. கண்ணுக்குத் தெரியாத அதை ஈர்ப்பு, காந்தப்புல அளவீடுகளே காட்டிக்கொடுத்தன. அதுவும் எண்ணெய் தேடப் போனவர்களுக்கு. 2016-இல் கடலடியில் துளையிட்டபோது, பூமியின் ஆழத்தில் இருந்திருக்க வேண்டிய கிரானைட் பாறை, பள்ளத்தினுள் வட்டமாக எழுந்து நிற்கும் வளையமேட்டில் கிடைத்தது. மோதிய சில நிமிடங்களில் பாறை திரவம்போல் பாய்ந்து மேலெழுந்து சரிந்தது என்ற கருத்துக்கு இதைவிட நேரடியான சான்றை எதிர்பார்ப்பது கடினம். டைனோசர்களின் அழிவோடு இணைந்ததால் புகழும் சிக்சுலூப்புக்கே. எனினும் பாறையைப் படிக்கத் தொடங்குபவருக்கு நான் விரெடஃபோர்ட்டையே முதலில் சொல்வேன்; சிக்சுலூப்பில் பெருஞ்செலவில் கிடைப்பது ஒரு துளையின் அகலமுள்ள பாறையே.