சம்பளமா, அமெச்சூரா? 1900-களின் இங்கிலாந்துக் கால்பந்தில் இரண்டு பாதைகள்

அன்று இங்கிலாந்தில் கால்பந்துத் திறமை உள்ள இளைஞனுக்கு இரண்டு வழி. ஸ்டீவ் புளூமர் கூலிக்கு ஆடினார்; விவியன் வுட்வர்ட் கூலி வாங்காத அமெச்சூராகவே நின்றார். இருவரும் இங்கிலாந்துக்கு ஆடியது சரியாக 23 ஆட்டம்: புளூமர் 28 கோல், வுட்வர்ட் 29.

வருமானம்
புளூமர்: 1892-இல் டெர்பி கவுண்டி கிளப்பில் வாரம் ஏழரை ஷில்லிங்கில் (20 ஷில்லிங் ஒரு பவுண்டு) தொடக்கம். 1901 முதல் உச்சவரம்பு வாரம் 4 பவுண்டு. எத்தனை கோல் அடித்தாலும் அதற்கு மேல் இல்லை; கோடையில் பல கிளப்கள் அதையும் குறைத்தன.
வுட்வர்ட்: ஆட்டத்துக்குக் கூலி கிடையாது. கட்டடக் கலைஞர் வேலைதான் சோறு போட்டது.

சுதந்திரம்
இங்கேதான் உண்மையான வலி. அன்று கூலிக்கு ஆடியவரின் ஒப்பந்தம் முடிந்தாலும், எந்தக் கிளப்புக்கு ஆடலாம் என்ற பதிவு பழைய கிளப்பின் கையில். அந்தக் கிளப் விடமாட்டேன் என்றால் வேறு லீக் கிளப்பில் ஆட முடியவில்லை. 1906-இல் மிடில்ஸ்பரோ கிளப் புளூமருக்காக 750 பவுண்டு கொடுத்தது. அது போனது டெர்பிக்கு. அவர் காலால் உருவான மதிப்பு அது, எனக்கு இது அநியாயமாகவே படுகிறது. அமெச்சூரை இப்படிக் கட்டிப்போட முடியவில்லை.

ஒலிம்பிக்
அன்று அமெச்சூருக்கு மட்டும். 1908, 1912 இரண்டிலும் வுட்வர்ட் தலைமையில் தங்கம்.

கைத்தொழிலோ குடும்பப் பணமோ உள்ளவனுக்கு அமெச்சூர் வழி. வாரக்கூலியை நம்பிய வீட்டுப் பையனுக்குப் புளூமரின் வழிதான். ஆனால் முழங்கால் போனால் சம்பளமும் போகும், பக்கத்தில் ஒரு தொழில் கற்றிருக்க வேண்டும்.